டிரைவர் குற்றத்தை ஒப்புக்கொண்டால் டிப்பர் திரும்பி வருமா?

கேள்வி: நான் கொட்டாஞ்சேனையில் இருக்கிறேன். கணவருக்குக் கட்டாரில் வேலை. அவர் அனுப்பிய காசில் முற்பணம் கட்டி லீசிங்கில் ஒரு டிப்பர் எடுத்தோம். பதிவு என் பெயரில். ஓட்டுவது தெரிந்த குடும்பத்துப் பையன், பேலியகொடையில் இருக்கிறான். இரவில் லொறியும் திறப்பும் அவனிடம்தான். ஐந்து கிழமைக்கு முன், பகலில் வத்தளையில் கட்டட உடைசல் ஏற்றும் ஹயரை முடித்தவன், எனக்குச் சொல்லாமல் இரவில் மகா ஓயாப் பக்கம் போய் மணல் ஏற்றி வரும்போது பொலிஸ் பிடித்துவிட்டது. கையில் இருந்தது வேறொரு லொறியின் பேர்மிட் போட்டோகொப்பி. பொலிசில் என்னிடமும் வாக்குமூலம் எடுத்தார்கள். சிங்களத்தில் எழுதியதில் கையெழுத்து வைத்தேன். அடுத்த தவணையில் டிரைவர் குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டம் கட்டினால் லொறியை அன்றைக்கே தந்துவிடுவார்கள் என்கிறார் அவனுக்குப் பிணைக்கு ஆள் பிடித்துக் கொடுத்தவர். ‘மணல் ஏற்றக் கூடாது என்று சாரதிக்கு அறிவுறுத்தினேன்’ என்று பழைய திகதியில் ஒரு கடிதமும் தயாரித்துத் தருவாராம். ஹயர், டீசல் கணக்கை ஒரு சீஆர் கொப்பியில் எழுதி வருகிறேன். அதைத் தவிர என்னிடம் வேறொன்றும் இல்லை. மாதம் பிறந்தால் லீசிங் கட்ட வேண்டும். என்ன செய்யட்டும்?

பதில்: சகோதரி, முதலில் இரண்டு விஷயம். அந்தக் கடிதம் வேண்டாம். அடுத்த தவணையில் டிரைவர் அவசரப்பட்டு ‘குற்றவாளி’ என்று சொல்லவும் வேண்டாம், குறைந்தபட்சம் அவனுடைய சொந்தச் சட்டத்தரணி வழக்கேட்டைப் படித்து முடிக்கும் வரையாவது. மிச்சத்தை ஆறுதலாகச் சொல்கிறேன்.

உங்களுக்கு ஆலோசனை சொன்னவர் இதை ஒரே வழக்காக நினைக்கிறார். உண்மையில் இரண்டு இருக்கிறது. ஒன்று டிரைவருடைய வழக்கு. மற்றது லொறியுடைய வழக்கு. மணல் இந்த நாட்டின் சட்டத்தில் ஒரு கனிப்பொருள். 1992ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சுரங்கங்கள், கனிப்பொருட்கள் சட்டத்தின் 28ஆம் பிரிவுப்படி, அனுமதிப்பத்திரம் இல்லாமல் அதைத் தோண்டுவது மட்டுமல்ல, ஏற்றிக்கொண்டு போவதும் குற்றம். அனுமதி தருவது பிட்டகோட்டேயில் இருக்கும் புவிச்சரிதவியல் அளவை, சுரங்கப் பணியகம். அந்தச் சட்டத்துக்கு 2009இல் வந்த திருத்தம்தான் உங்கள் லொறியைத் தொடுகிறது. ஒருவர் குற்றவாளியாகக் காணப்பட்டால், குற்றத்துக்குப் பாவித்த வாகனத்தை அரசுடைமையாக்க நீதவான் கட்டளையிடலாம். வாகனச் சொந்தக்காரர் வேறொருவராக இருந்தால், அந்தக் குற்றத்துக்கு வாகனம் பாவிக்கப்படாமல் தடுக்கத் தான் எல்லா முன்னெச்சரிக்கையும் எடுத்ததாக அவர் நீதிமன்றம் திருப்திப்படும்படி காட்ட வேண்டும். காட்டினால் வாகனம் தப்பும்.

இப்போது பாருங்கள். லொறியைப் பறிக்கும் அதிகாரம் பிறப்பதே டிரைவர் குற்றவாளியாகும் அந்த நிமிடத்தில்தான். அவன் எழுந்து ‘குற்றவாளி’ என்று சொல்கிறான், தண்டத்தைக் கட்டுகிறான், பஸ் ஏறி வீட்டுக்குப் போகிறான். அவனுடைய வழக்கு அத்தோடு சரி. உங்களுடையது அப்போதுதான் தொடங்குகிறது. லொறியை ஏன் அரசுடைமையாக்கக் கூடாது என்று காரணம் காட்ட உங்களை இன்னொரு திகதிக்குக் கூப்பிடுவார்கள். அந்த விசாரணையில் ‘அது களவு மணலே இல்லை’ என்றோ ‘பேர்மிட் சரியானதுதான்’ என்றோ நீங்கள் வாதாட முடியாது. அந்தக் கதவை டிரைவர் ஏற்கெனவே சாத்திவிட்டுப் போயிருப்பான்.

அவனைப் பொய் சொல்லச் சொல்லவில்லை. ஒப்புக்கொள்வதா, வழக்கை நடத்துவதா என்பது அவனுடைய உரிமை, அதில் நீங்களோ நானோ தலையிடக் கூடாது. ஆனால் முடிவெடுக்கும் முன் பொலிஸ் நடந்ததை நீதவானுக்கு அறிவித்துத் தாக்கல் செய்த பி அறிக்கையையும் குற்றப்பத்திரத்தையும் ஒருவர் உட்கார்ந்து படிக்க வேண்டும். சில வழக்குகளில் 1982ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பொதுச் சொத்துக்களுக்கெதிரான குற்றங்கள் சட்டத்தையும் சேர்த்துப் போடுகிறார்கள். வேறு லொறியின் பேர்மிட்டைக் காட்டியதால் போலி ஆவணம் என்ற குற்றச்சாட்டும் வந்திருக்கலாம். எதை ஒப்புக்கொள்கிறோம் என்று தெரியாமல் ஒப்புக்கொள்வது அவனுடைய வாழ்க்கைக்கும் நல்லதில்லை. இன்னொன்று: அவனுக்கும் உங்களுக்கும் ஒரே சட்டத்தரணியை வைக்காதீர்கள். அவன் உங்கள் சொல்லை மீறினான் என்பதுதான் உங்கள் நிலைப்பாடு. ஒரே வாய் இரண்டு பேருக்காகவும் அதைப் பேச முடியாது.

சொந்தக்காரருக்குப் பேச இடம் இருக்கிறது என்பதே ஒரு காலத்தில் உறுதியாக இருக்கவில்லை. 1982இல் காடுகள் கட்டளைச் சட்டத்தைத் திருத்தியபோது, குற்றத்தீர்ப்பு வந்தால் மரம் ஏற்றிய லொறியும் அத்தோடு போய்விடும் என்ற மாதிரி எழுதிவிட்டார்கள். 1987இல் அப்படிப் பறிபோன ஒரு லொறியின் வழக்கு உயர் நீதிமன்றம் வரை வந்தது. பிரதம நீதியரசர் சர்வானந்தா எழுதிய தீர்ப்பு அது. சொந்தக்காரருக்குத் தெரியாமலும் அவர் சம்பந்தப்படாமலும் நடந்த குற்றத்துக்கு, அவர் சொல்வதைக் கேட்காமல் அவருடைய வாகனத்தை எடுக்க முடியாது என்றார். இன்றைக்கு மாடு ஏற்றிய லொறியாக இருந்தாலும் மணல் ஏற்றிய டிப்பராக இருந்தாலும், சொந்தக்காரர் சாட்சிக்கூட்டில் ஏறி நிற்பதற்குப் பின்னால் அந்தத் தீர்ப்பும் இருக்கிறது.

ஆனால் ஏறி நின்றால் மட்டும் போதாது. ‘களவு மணல் ஏற்றாதே என்று அவனுக்கு நூறு தடவை சொன்னேன்’ என்று எல்லோரும்தான் சொல்கிறார்கள். மேன்முறையீட்டு நீதிமன்றம் 2010இல் ஒரு வாகனப் பறிமுதல் வழக்கில் இதைத் தெளிவாகச் சொன்னது: வெறும் அறிவுறுத்தல் போதாது, அது உண்மையாகவே கொடுக்கப்பட்டதா, கொடுத்தபடி நடக்கிறதா என்று பார்க்கச் சொந்தக்காரர் என்ன பாடுபட்டார் என்பதைக் காட்ட வேண்டும். சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்கத் தேவையில்லை. உங்கள் பக்கம் தராசு சற்றுத் தாழ்ந்தால் போதும். அந்தச் சற்று எங்கிருந்து வரும் என்பதுதான் கேள்வி.

உங்களிடம் அது இருக்கிறது. எனக்கு எழுதியதில் போகிற போக்கில் சொல்லிவிட்டுப் போன அந்த சீஆர் கொப்பி. வேறொன்றும் இல்லை என்று எழுதியிருக்கிறீர்கள். எனக்கு அந்த வரியைப் படித்ததும்தான் மூச்சு வந்தது. அதை இன்றைக்கே எடுத்துப் பத்திரப்படுத்துங்கள். ஒரு எழுத்தையும் திருத்தாதீர்கள், விட்டுப்போன நாளை இப்போது நிரப்பாதீர்கள், கிழிந்த ஒற்றையை ஒட்டக்கூட வேண்டாம். நாளுக்கு நாள் மை மாறி, எழுத்து அவசரத்தில் சரிந்து, டீசல் பில் பின் அடித்து, தேநீர்க் கறையோடு இருக்கும் ஒரு கொப்பியை நீதவான் கையில் எடுத்தால், அது வழக்குக்காகச் செய்ததில்லை என்று தொட்டவுடனேயே தெரியும். அன்றைய பக்கத்தில் வத்தளை உடைசல் ஹயர் மட்டும் எழுதியிருக்கிறதா? டீசல் எவ்வளவு அடித்தீர்கள், மீட்டர் எத்தனையில் நின்றது என்று இருக்கிறதா? பொலிஸ் எடுத்தபோது மீட்டர் என்ன காட்டியது என்பதை உங்கள் சட்டத்தரணி கேட்டெடுக்கலாம். இரண்டுக்கும் நடுவில் உள்ள தூரம் அந்தப் பயணம் உங்கள் கணக்கில் இல்லாத பயணம் என்பதைச் சொல்லும்.

முந்தைய பக்கங்களையும் பாருங்கள், மறைக்காமல். முன்பு மணல் ஹயர் போயிருந்தால், அந்த நாளுக்குரிய பேர்மிட் எங்கே? அது உங்களிடம் இருந்தால் உங்களுக்கு அதைவிடப் பெரிய பலம் இல்லை. பேர்மிட் இல்லாமல் ஏற்ற மாட்டேன் என்பது இவருடைய வழக்கம் என்று அந்தத் தாளே பேசும். இல்லாவிட்டால், அதை உங்கள் சட்டத்தரணிக்கு இப்போதே சொல்லிவிடுங்கள். சாட்சிக்கூட்டில் நிற்கும்போது அவருக்கு முதல் தடவையாகத் தெரியவரக் கூடாது.

இனி அந்தக் கடிதம். சில வருடங்களுக்கு முன் ஒரு டிப்பர் விசாரணையில் நான் இருந்தேன். சொந்தக்காரர் ஜனவரி மாதத் திகதியிட்ட அறிவுறுத்தல் கடிதத்தை நீட்டினார். அழகாக டைப் அடித்து, டிரைவரின் கையெழுத்தோடு. குறுக்கு விசாரணையில் ஒரே ஒரு கேள்விதான் வந்தது: இந்த டிப்பரை நீங்கள் வாங்கியது எப்போது? மார்ச்சில். வாங்காத வாகனத்தின் நம்பர் இரண்டு மாதத்துக்கு முன்பே கடிதத்தில் எப்படி வந்தது என்று கேட்டபோது, அந்த மனிதர் கைக்குட்டையை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டு நின்றார். அதற்குப் பிறகு அவர் சொன்ன உண்மைகளையும் யாரும் நம்பவில்லை. நல்ல மனிதர். கடிதம் இல்லாமல் போயிருந்தால் லொறி தப்பியிருக்கும் என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

உங்கள் பலவீனம் எங்கே என்றும் சொல்ல வேண்டும். இரவில் திறப்பு அவனிடம். எதிர்த்தரப்பு முதலில் கைவைப்பது அதில்தான். ‘எல்லா முன்னெச்சரிக்கையும் என்கிறீர்கள், லொறியையும் திறப்பையும் விடிய விடிய அவனிடம் விட்டுவிட்டுத் தூங்கினீர்களே?’ இதற்குப் பொய்ப் பதில் தேடாதீர்கள். கொட்டாஞ்சேனை ஒழுங்கையில் டிப்பரை எங்கே நிறுத்துவது? அதுதான் காரணமென்றால் அதையே சொல்லுங்கள். அப்புறம், அவனிடம் விட்டுவிட்டு நீங்கள் என்ன செய்தீர்கள் என்பதைச் சொல்லுங்கள். மாலையில் போன் எடுத்து லொறி நிற்கிறதா என்று கேட்பீர்களா? கணவர் கட்டாரிலிருந்து வாட்ஸப்பில் கேட்பாரா? அந்தச் செய்திகள் இன்னும் போனில் இருந்தால் அழிக்காதீர்கள், போனை மாற்றாதீர்கள். வாகனத்துக்கு ஜீபீஎஸ் பூட்டியிருந்தால் அதன் பதிவையும் எடுத்து வையுங்கள். மற்றபடி அவனை நீங்களே சாட்சியாகக் கூப்பிடலாம்; ‘அக்காவுக்குத் தெரியாமல் போனேன்’ என்று அவன் சத்தியம் செய்து சொன்னால் அதற்கு நிறை இருக்கிறது.

அவனை இன்னும் வேலையில் வைத்திருக்கிறீர்களா என்று எழுதவில்லை. இது கேட்கப்படும். சொல்லாமல் உங்கள் லொறியைக் கொண்டுபோய் உங்களைத் தெருவில் விட்டவனுக்குத் தொடர்ந்து சம்பளம் கொடுத்தால், சொல்லாமல்தான் போனான் என்பதை யார் நம்புவார்கள்? தெரிந்த குடும்பம், மனம் கேட்காது, எனக்கு விளங்குகிறது. அவன் தாயோடு உறவை முறிக்கச் சொல்லவில்லை. வேலையிலிருந்து நிறுத்தியதை இன்றைய உண்மையான திகதியில் எழுத்தில் கொடுங்கள்.

சிங்களத்தில் கையெழுத்து வைத்த அந்த வாக்குமூலம் எனக்குக் கவலை தருகிறது. நீங்கள் தமிழில் சொன்னதை யாரோ கேட்டு, சிங்களத்தில் சுருக்கி எழுதியிருப்பார்கள். ‘இரவில் அவன் எங்கே போகிறான் என்று எனக்குத் தெரியாது’ என்று நீங்கள் சொன்னது, ‘எங்கே போகிறான் என்று நான் பார்ப்பதில்லை’ என்று தாளில் ஏறியிருந்தால் எல்லாமே மாறிவிடும். முதலாவது அறியாமை. இரண்டாவது கவனமின்மை, அதுதான் லொறியைத் தின்னும். சட்டத்தரணி மூலம் அதில் என்ன இருக்கிறது என்று அறிந்து, யாரையாவது கொண்டு சொல்லுக்குச் சொல் தமிழில் வாசிக்கச் சொல்லிக் கேளுங்கள். பிழை இருந்தால் விசாரணையில் அதை வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். நீதிமன்றத்திலும் வெட்கப்பட்டுத் தெரிந்த அரைகுறைச் சிங்களத்தில் பதில் சொல்லாதீர்கள். அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை உங்களுக்குத் தமிழில் பேசும் உரிமையையும், மொழிபெயர்ப்புக்கு அரசே ஏற்பாடு செய்ய வேண்டும் என்பதையும் தந்திருக்கிறது. சாட்சியம் சொல்லும் முன் உங்கள் சட்டத்தரணி எழுந்து மொழிபெயர்ப்பாளரைக் கேட்கட்டும். அதற்காக ஒரு தவணை போனாலும் போகட்டும். நம்மவர்கள் பலர் இந்த இடத்தில் ‘சமாளித்துக்கொள்ளலாம்’ என்று இருந்துவிடுகிறார்கள். லொறியின் விதி ஒரு வினைச்சொல்லில் தொங்கும்போது சமாளிக்கக் கூடாது.

சரி, அதுவரை லொறி? பொலிஸ் வளவுகளில் இப்படி நிற்கும் டிப்பர்களை நீங்களும் பார்த்திருப்பீர்கள். டயர் அமர்ந்து, பெட்டியில் மழைத்தண்ணீர் தேங்கி, சில்லு நடுவே புல் முளைத்து நிற்கும். வழக்கு முடியும் வரை அப்படியே விடத் தேவையில்லை. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 431ஆம் பிரிவின் கீழ், வாகனத்தைத் தற்காலிகமாக விடுவிக்கும்படி நீதவானிடம் விண்ணப்பிக்கலாம். தருவதும் தராததும் அவருடைய தற்றுணிபு. கேட்பதற்கு ஒரு கெட்டித்தனம் வேண்டும்: பதிவுச் சான்றிதழ், வாகனத்தின் பெறுமதி அறிக்கை, லீசிங் தவணை அட்டவணை, இதுதான் வீட்டின் வருமானம் என்ற சத்தியக்கடதாசி, இந்த வாகனத்துக்கு எதிராக முன்பு வழக்கு இல்லை என்ற விபரம், எல்லாவற்றையும் ஒன்றாக வையுங்கள். கிடைத்தால் பெரும்பாலும் ஒரு தொகைக்கு முறி, அதாவது பிணைப் பத்திரம், எழுதிக் கொடுக்க வேண்டும். விற்கக் கூடாது, உருமாற்றக் கூடாது, கூப்பிட்ட அன்று கொண்டுவர வேண்டும். இது லொறி கிடைத்துவிட்டது என்று அர்த்தமில்லை, கடன் வாங்கியது மாதிரி. விடுவித்த பிறகு மறுபடி பிடிபட்டால் கடவுளாலும் உதவ முடியாது, ஆகவே அந்த நாட்களில் மணல் ஹயரே எடுக்காதீர்கள், பேர்மிட் இருந்தாலும்.

பேர்மிட் என்றதும் ஒன்று. 2019 டிசம்பரில் மணல் ஏற்ற அனுமதிப்பத்திரம் தேவையில்லை என்று அரசாங்கம் அறிவித்ததும், லொறிக்காரர்கள் வெடி கொளுத்தாத குறை. அது பின்பு மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் இடைக்கால உத்தரவால் நின்றது. ஆனால் ‘பேர்மிட்டை எப்போதோ எடுத்துவிட்டார்களே’ என்று சொல்லும் டிரைவர்கள் இன்னும் இருக்கிறார்கள். பாராளுமன்றச் சட்டம் அப்படியேதான் இருக்கிறது. பேர்மிட் என்பது குறிப்பிட்ட ஒரு வாகனத்துக்கு, குறிப்பிட்ட ஒரு பயணத்துக்குத் தருவது. இன்னொரு லொறியின் போட்டோகொப்பி உங்கள் லொறிக்கு வெறும் கடதாசி.

லீசிங் கம்பெனிக்கு இன்னும் சொல்லவில்லை என்றால் நாளைக்கே எழுத்தில் சொல்லுங்கள், பதிவுத் தபாலில். லொறி பொலிசில் நிற்பதால் தவணைப் பணம் நிற்காது, அதில் ஏமாற வேண்டாம். ஆனால் பதிவுச் சான்றிதழில் முழுமையான உரிமையாளர் என்று அவர்கள் பெயர்தான் இருக்கும், அதனால் அவர்களும் விசாரணைக்கு வந்து உரிமை கோரலாம். கடன் கொடுத்தவன் என்பதற்காக மட்டும் வாகனம் கையில் வந்துவிடாது, அவர்களும் முன்னெச்சரிக்கையைக் காட்ட வேண்டும் என்று 2010இல் உயர் நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே அவர்களை நம்பி நீங்கள் சும்மா இருக்க முடியாது. தவணையைச் சில மாதம் தள்ளிப் போடக் கேட்டுப் பாருங்கள், பொலிசில் நிற்பதற்கான அத்தாட்சியோடு போனால் சிலர் இறங்கி வருகிறார்கள்.

எல்லாம் செய்தும் அரசுடைமையாக்கும் கட்டளை வந்தால், அன்றைக்கே சான்றுப்படுத்திய பிரதிக்கு விண்ணப்பியுங்கள். மேன்முறையீட்டுக்குப் பதினான்கு நாள்தான். மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனுவும் போடலாம். அதற்கு நாள் கணக்கு எழுதியில்லை என்றாலும் தாமதித்துப் போனவர்களை ‘இவ்வளவு நாளும் எங்கே இருந்தாய்’ என்றுதான் கேட்பார்கள். நீதவான் முன் சொல்லாத கதையை மேலே போய்ப் புதிதாகச் சொல்ல முடியாது என்பதையும் நினைவில் வையுங்கள். சண்டை முழுவதும் கீழேதான்.

இவ்வளவும் எழுதும்போது எனக்குச் சட்டத்தின் மேல் கோபம் இல்லை, சகோதரி. உங்கள் வீட்டுக் குழாயில் வரும் தண்ணீர் களனி கங்கையில், அம்பத்தலையில் எடுப்பது. ஆற்றின் அடித்தளத்திலிருந்து மணலை அள்ள அள்ள அது தாழ்ந்து, வரட்சி மாதங்களில் கடலின் உப்பு நீர் மேல்நோக்கி ஏறி வருகிறது. அதைத் தடுக்க அங்கே ஆற்றுக்குக் குறுக்கே தடுப்புக் கட்ட வேண்டி வந்தது. மகா ஓயாவிலும் அதே கதைதான். கரை இடிந்து தென்னையோடு காணி ஆற்றில் போனவர்களின் வழக்கையும் நான் பேசியிருக்கிறேன். என் வருத்தம் வேறு. இரவில் அள்ளச் சொன்னவனும் அந்த மணலை வாங்கிக் கட்டடம் எழுப்புபவனும் பெரும்பாலும் நீதிமன்ற வாசலுக்கே வருவதில்லை. கட்டாரில் வெயிலில் உழைத்த காசுதான் அங்கே நிற்கிறது. அன்று யாருக்கு மணல் போனது, ஹயர் பேசியது யார் என்று டிரைவரிடம் கேளுங்கள். சொன்னால் உங்கள் சட்டத்தரணியிடம் சொல்லுங்கள். உங்களுக்கும் அந்த ஆளுக்கும் எந்தத் தொடர்பும் இல்லை என்பது உங்கள் வழக்குக்கும் உதவும்.

தவணைக்கு இரண்டு நாள் முன்பே அந்த நீதிமன்றத்தில் பழக்கமுள்ள ஒரு சட்டத்தரணியைப் பாருங்கள். கொப்பியின் அசலைக் கையில் கொண்டுபோங்கள், அவரிடம் பிரதியைக் கொடுங்கள், அசலை நீதிமன்றத்தில் கொடுக்கும் வரை நீங்களே வைத்திருங்கள்.